பின்னால் நின்று எழுதியவர்

தலைவலி என்று வந்தவரைக்கூட அவர் சும்மா விட்டதில்லை. "எந்தப் பக்கமுங்க வலிக்குது?" என்பார். வந்தவர் நெற்றியில் ஒரு பக்கத்தைத் தொட்டுக் காட்டுவார். அத்தோடு எழுதிக்கொள்ள வேண்டியதுதானே? மாட்டார். பேனாவை மசிக்கூட்டில் செருகிவிட்டு எழுந்து, நோயாளியின் முதுகுக்குப் பின்னால் போய் நின்று, அவர் பார்க்கிற திசையையே தானும் பார்த்து, தன் கையில் ஒன்றை லேசாகத் தூக்கிப் பார்த்துக்கொள்வார். அப்புறம்தான் வந்து உட்கார்ந்து வலது என்றோ இடது என்றோ எழுதுவார். இதற்குள் வரிசையில் நிற்கிற பத்துப் பேருக்கும் தலைவலி வந்துவிடும்.

சேலத்துக்கும் நாமக்கல்லுக்கும் நடுவில் இருந்த ஒரு சின்ன ஆஸ்பத்திரி அது. அவர் அங்கே ரிஜிஸ்தர் எழுதுகிறவர், நான் நர்ஸ். யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். பெட்ரோல் கிடைக்காமல் பஸ்களெல்லாம் முதுகில் கரியடுப்பைக் கட்டிக்கொண்டு ஓடின. எனக்கு இருபத்து நான்கு வயது, மூக்குக்கு மேல் கோபம். ஆத்தூர்ப் பக்கத்துக்காரியான எனக்கு அந்த ஊர்க்காரர்கள் வார்த்தைக்கு வார்த்தை 'ங்க' போட்டுப் பேசுவது முதலில் கேலியாக இருந்தது. திட்டும்போதுகூட மரியாதையாகத் திட்டுகிறார்களே என்று சிரிப்பேன்.

சென்னையிலிருந்து வந்த காக்கி அட்டைப் புத்தகம் ஒன்று எப்போதும் அவர் மேஜையில் இருக்கும். உலகத்தில் உள்ள நோய்க்கெல்லாம் அதில் ஒரு எண் உண்டு. டாக்டர் நோயைச் சொல்வார். இவர் அதற்குரிய எண்ணைக் கண்டுபிடித்து ரிஜிஸ்தரில் ஏற்ற வேண்டும். மாதக் கடைசியில் எந்த எண்ணில் எத்தனை பேர் என்று மேலிடத்துக்கு அனுப்ப வேண்டும். அந்தப் புத்தகத்தில் ஒவ்வொரு பகுதியின் கடைசியிலும் சோம்பேறிகளுக்கென்றே ஓர் எண் வைத்திருந்தார்கள். 'இன்னதென்று குறிக்கப்படாதது' என்று அதற்குப் பெயர். மற்ற ஆஸ்பத்திரிகளில் பாதி ஜனங்கள் அந்த எண்ணில்தான் இருந்தார்கள் என்று கேள்வி. இவர் என் கண்முன் ஒரு தடவைகூட அதை எழுதியதில்லை.

"அந்த நம்பரு குப்பைக்குழியாட்டங்க, அம்மிணி. உள்ள போட்டுட்டா ஆளு திரும்பிக் கெடைக்கமாட்டாரு" என்பார்.

எங்கள் டாக்டர் நல்ல மனிதர். ஆனால் பன்னிரண்டு மணி அடித்தால் அவருக்குப் பசி வந்துவிடும். பசி வந்தால் பத்தும் பறக்கும் என்பார்கள். அவருக்கு முதலில் பறப்பது பொறுமை. ஒரு நாள் மாறுகண்ணோடு ஒரு பையனைக் கூட்டிவந்திருந்தார்கள்.

"மாறுகண். எழுதிக்கும்" என்றார் டாக்டர்.

"உள்ளயா வெளியங்களா?"

"மூக்கைப் பார்க்குதய்யா. உள்ளதான்."

"எந்தக் கண்ணுங்க?"

"ஏதோ ஒரு கண்ணு. மாறுகண்ணுக்கு ஒரு நம்பர் போட்டுத் தொலையுமேன்!"

"உள்ள திரும்புனதுக்கே நாலு நம்பர் இருக்குதுங்க. வலது, இடது, மாறி மாறித் திரும்பறது, அப்பறம் குறிக்காதது."

டாக்டர் கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். இவர் அசையவில்லை. மடியிலிருந்து வெற்றிலை ஒன்றை எடுத்துத் துடைத்து, பையனின் நேராக இருந்த கண்ணை அதனால் மறைத்தார். மறு கையில் சாவிக்கொத்தை ஆட்டினார். உள்ளே ஒதுங்கிக் கிடந்த கண், வேறு வழியில்லாமல் வெளியே வந்து சாவியைப் பார்த்தது. இலையை எடுத்தார். கண் அப்படியே நின்றால் இரண்டும் மாறி மாறித் திரும்புகிற ரகம், பழையபடி மூக்குப் பக்கம் போய்விட்டால் அந்த ஒரு கண் மட்டுந்தான். எப்போதோ வந்த கண் டாக்டர் அட்டையால் இப்படிச் செய்ததைப் பார்த்து வைத்திருந்தாராம். வேலை முடிந்ததும் அதே வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவி வாயில் போட்டுக்கொண்டார். நான் முகத்தைச் சுளித்தேன். "கண்ணுல படலீங்க, அம்மிணி" என்றார்.

முதுகுக்குப் பின்னால் நின்றால் முகம் எப்படித் தெரியும் என்று கேட்கலாம். அதற்கும் ஒரு முறை வைத்திருந்தார். முன்னால் நின்று பார்க்கும்போதே, எந்தக் கண்ணோ அந்தப் பக்கத்துத் தோளில் ஒரு விரலை வைப்பார். விரலை எடுக்காமல் அப்படியே சுற்றிக்கொண்டு பின்னால் போவார். விரல் தன் வலக்கைப் பக்கம் இருந்தால் வலது. பெண்பிள்ளைகளைத் தொடக் கூடாது என்பதால், அந்தப் பக்கத்துக் கையில் ஒரு துண்டுப் பஞ்சைப் பிடித்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, பின்னால் போய் எந்தக் கையில் பஞ்சு இருக்கிறது என்று பார்ப்பார். பஞ்சை மருந்து என்று நினைத்து முந்தானையில் முடிந்துகொண்டு போனவர்களும் உண்டு. கட்டிக்கு வைத்தியம் பார்க்க வந்த ஒரு கவுண்டர், "ஏனுங்க, எம் முதுகுல அப்பிடி என்னத்தைத் தேடறீங்க?" என்று துள்ளித் திரும்பினார். திரும்பியதால் இவர் மறுபடியும் சுற்றிக்கொண்டு பின்னால் போக வேண்டியதாயிற்று.

இன்னொன்றும் இருந்தது. எல்லா மேஜைகளும் வாசலைப் பார்த்திருக்க, அவருடையது மட்டும் சுவரைப் பார்த்துப் போட்டிருந்தது. நோயாளி அவர் பக்கத்தில், அவரைப்போலவே சுவரைப் பார்த்து நிற்க வேண்டும். அவரோடு மூன்று வருஷம் வேலை பார்த்திருக்கிறேன். தேவைக்கு மேல் ஒரு நொடி அவர் யார் முகத்தையும் நேருக்கு நேர் பார்த்ததாக எனக்கு நினைவில்லை. என்னிடம் பேசும்போதும் பக்கவாட்டில் நின்றுதான் பேசுவார். பெண் என்பதால் கூச்சம் போலிருக்கிறது என்று நினைத்தேன். அவருக்கு நான் 'பின்வாசல் குமாஸ்தா' என்று பெயர் வைத்தேன். அது அவர் காதுக்கும் போயிற்று.

"முன்னால நின்னா எல்லாம் மாறித் தெரியுமுங்க, அம்மிணி" என்றார். கோபமே இல்லை. எனக்குத்தான் ஏமாற்றமாக இருந்தது.

பாவாயி அந்த வருஷம் ஐப்பசியில் வந்தாள். மல்லசமுத்திரம் பக்கத்துக் குடியானவர் மகள், எட்டு வயது. ஒரு கண் நம்மைப் பார்க்கும்போது இன்னொன்று மூக்கைப் பார்த்துக்கொண்டிருக்கும். அம்மா பிடிவாதம் பிடித்துக் கூட்டிவந்திருந்தாள். அப்பாவுக்கு இஷ்டமில்லை.

"இவ பொறந்த வருசந்தானுங்க கெணத்துல தண்ணி கண்டுச்சு. மாறுகண்ணு ஊட்டுக்கு யோகமுங்க. அதை நேராக்கி, தண்ணி போயிருச்சுன்னா?" என்றார் அப்பா.

"யோகம் உங்க கெணத்துக்கு. ஒண்ணரைக்கண்ணின்னு பேரு எம்புள்ளைக்கு" என்றாள் அம்மா.

பாவாயி தன் பங்குக்குச் சொன்னாள். "என்னைய வெளையாட்டுக்கே சேத்தறதில்லீங்க. எங்கியோ பாத்துக்கிட்டு அவங்களப் புடிக்கிறேனாம், அது அழுவுணி ஆட்டமாமுங்க."

நம் ஆள் காக்கிப் புத்தகத்தைப் புரட்டினார். பாவாயியின் அப்பாவைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துச் சொன்னார். "இதுல எல்லாத்துக்கும் நம்பரு இருக்குதுங்க. கெணத்துல தண்ணி வத்தறதுக்கு இல்லீங்க. கண்ணுக்கும் கெணத்துக்கும் சம்பந்தமிருந்தா கவர்மெண்டுல போட்டிருப்பாங்க."

கவர்மெண்டு என்றதும் அப்பா அடங்கிவிட்டார். வெற்றிலை, சாவிக்கொத்து, பஞ்சு எல்லாம் நடந்தது. வலது கண், உள்ளே திரும்பியது, பிறந்ததிலிருந்து, எப்போதும் திரும்பியே இருப்பது என்று பாவாயி ரிஜிஸ்தரில் ஏறினாள்.

சேலத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்கு வருஷத்துக்கு ஒரு முறை சென்னையிலிருந்து கண் சர்ஜன் வருவார். சுற்றுப்பட்டு ஆஸ்பத்திரிகளிலிருந்து ஆட்களை அனுப்புவோம். ஒவ்வொருவர் மணிக்கட்டிலும் நோயின் எண்ணும் எந்தக் கண் என்பதும் எழுதின சீட்டைக் கட்டி அனுப்புவது வழக்கம். தை மாதம் சர்ஜன் வருகிறார் என்று தெரிந்த நாளிலிருந்து நம் ஆளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. தேதியை என்னிடம் மூன்று தடவை கேட்டார். அந்த வாரம் பார்த்து அவர் வீட்டில் மனைவிக்குக் கடுமையான காய்ச்சல். லீவு எழுதிக் கொடுத்துவிட்டுப் போகும்போது, "சீட்டை நான் வந்து எழுதறேனுங்க, அம்மிணி. அதுவரைக்கும் எழுத வேண்டாமுங்க" என்று சொல்லிவிட்டுத்தான் போனார்.

திங்கட்கிழமை காலையிலேயே கிளம்பி வர வேண்டும் என்று சேலத்திலிருந்து ஆள் வந்து சொன்னான். நான் சீட்டுகளை எழுத உட்கார்ந்தேன். ஐந்து பேர். நாலு பேருக்குக் கண்ணில் புரை. அது வெள்ளையாகத் தெரிகிற சமாசாரம், அவர்களே தொட்டுக் காட்டினார்கள். ஐந்தாவது பாவாயி. எனக்கு எதிரே பெஞ்சில் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தாள். பார்த்தேன், எழுதினேன். இதற்குப் போய்ச் சாவிக்கொத்தும் பஞ்சும் எதற்கு என்று சிரித்துக்கொண்டேதான் எழுதினேன். ஐப்பசியில் எழுதிய பக்கத்தைப் புரட்டிப் பார்க்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. டாக்டர் கையெழுத்துப் போட்டார். சீட்டுகளின் நகலை ரிஜிஸ்தரில் செருகி வைத்தேன். கரி பஸ்ஸில் ஐந்து பேரையும் ஏற்றிக்கொண்டு போனேன். ஏற்றம் வந்த இடத்திலெல்லாம் இறங்கி நடந்து, சாயங்காலம் சேலம் போய்ச் சேர்ந்தோம்.

மறுநாள் காலை எட்டு மணி. வராந்தாவில் வரிசையாக உட்கார்ந்திருந்தோம். பெரியவர்களுக்குக் கண்ணில் சொட்டு மருந்து விட்டே அறுப்பார்கள். குழந்தைகளுக்குக் குளோரோபாரம் கொடுத்துத் தூங்கவைத்துவிடுவார்கள். தூங்கிவிட்டால் மாறுகண் என்பதே தெரியாது. பிடித்து இழுக்கிற தசையெல்லாம் தளர்ந்து இரண்டு கண்ணும் ஒன்றுபோலாகிவிடும். அப்புறம் சீட்டில் உள்ளதுதான் வேதவாக்கு. இது நர்ஸான எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும் எனக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை என்பதுதான் இன்றைக்கும் ஆறாமல் இருக்கிறது.

பாவாயிக்கு முன்னால் இரண்டு பேர் இருந்தார்கள். அப்போது வாசலில் ஒரு நிலக்கடலை லாரி நின்றது. மூட்டைகளின் மேலிருந்து நம் ஆள் இறங்கினார். தலையெல்லாம் செம்மண். நேரே எங்களிடம் வந்தார். ஜன்னலோரம் கிடந்த பஞ்சில் ஒரு துண்டைக் கிள்ளி எடுத்தார். பாவாயியின் எதிரே குனிந்து, "மூக்கப் பாக்குற கண்ணு எந்தப் பக்கமோ, அந்தக் கையில புடிச்சுக்க, சாமி" என்றார்.

அவள் பிடித்துக்கொண்டாள். அவர் சுற்றிக்கொண்டு பின்னால் போனார். தன் கையைத் தூக்கினார். எனக்கும் சைகை காட்டினார். நானும் எழுந்து அவர் பக்கத்தில் போய் நின்றேன்.

பஞ்சு பாவாயியின் வலது கையில் இருந்தது. சீட்டு கட்டியிருந்ததும் அதே கையில்தான். சீட்டில் என் கையெழுத்தில் 'இடது' என்று இருந்தது.

எதிரே உட்கார்ந்து பார்த்தவள், என் இடதுகைப் பக்கம் தெரிந்த கண்ணை இடது கண் என்று எழுதியிருக்கிறேன். பாவாயியின் நல்ல கண்ணைக் கத்திக்கு எழுதிக் கொடுத்திருக்கிறேன். அவர் சீட்டை அவிழ்த்தார். வேறு சீட்டு எழுதினார். சர்ஜனிடம் உள்ளே போய்க் கையெழுத்து வாங்கிவந்து, பழைய இடத்திலேயே கட்டினார். முடிச்சு மூன்றாவது தடவைதான் விழுந்தது.

பாவாயியை உள்ளே கூட்டிப்போனார்கள். நாங்கள் வராந்தாவில் நின்றோம்.

"எப்படித் தெரிஞ்சுது?" என்றேன்.

"நேத்து பொழுது சாய வந்து சீட்டு நகலைப் பாத்தனுங்க. ஐப்பசியில நான் எழுதுனது வலது. நீங்க எழுதுனது இடது. ஒண்ணு தப்பா இருக்கோணும். என்னுதாவும் இருக்கலாமுங்களே."

"ஒரு தந்தி அடிச்சிருக்கலாமே?"

"வலதுன்னு தந்தி குடுத்தா, யாரோட வலதுன்னு கேக்க ஆளு வேணுமுங்களே" என்றார்.

ஒரு வார்த்தை அவர் என்னைத் திட்டவில்லை. டாக்டரிடமும் சொல்லவில்லை. திட்டியிருந்தால் பதிலுக்கு நாலு வார்த்தை பேசி ஆற்றிக்கொண்டிருப்பேன். பாவாயிக்குக் கட்டு அவிழ்த்தபோது, கண்ணாடி கேட்டு வாங்கி வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பழையபடி ஓடிப்போய்விடுமோ என்று பயந்தவளாக, தலையை அசைக்காமல் பார்த்தாள். கிணற்றில் தண்ணீர் இருந்ததா என்று அவள் அப்பாவிடம் அப்புறம் நான் கேட்டேன். இருந்ததாம்.

அதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர் வீட்டுக்குப் போனேன். மனைவியின் உடம்பை விசாரிக்க என்று ஒரு சாக்கு. மன்னிப்புக் கேட்க வேண்டும் என்பதுதான் காரணம். மூன்று வருஷத்தில் அதுதான் முதல் தடவை. கொல்லையில் வெயில் படுகிற இடத்தில் அந்த அம்மாள் உட்கார்ந்து நிலக்கடலை உடைத்துக்கொண்டிருந்தாள். பருப்பு ஒரு முறத்தில், தோல் ஒரு முறத்தில். கையால் தடவித் தடவித்தான் போட்டாள். என் காலடிச் சத்தத்துக்கு முகத்தைத் தூக்கினாள்.

வலது கண் வெள்ளை பூத்துக் கிடந்தது. இடது கண் மூக்கைப் பார்த்துக்கொண்டிருந்தது.

அவர் அவளுக்குப் பின்னால் நின்று, அவள் கைக்கு எட்டும்படி கடலைக்கூடையை நகர்த்திக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் பார்வையைத் தாழ்த்திக்கொண்டார்.

"வாங்கம்மிணி. நர்சம்மிணிதானுங்களே? மருந்து வாசம் வருது" என்றாள் அவள். குரலில் காய்ச்சல் அடங்கிய களைப்பு இருந்தது, வருத்தம் இல்லை. "அந்தப் புள்ளைக்குக் கண்ணு நேராயிருச்சாமா? இவரு வந்து சொன்னாரு. அன்னிக்குத்தான் ஒரு வாய் சோறு முழுசாத் தின்னாரு."

"நான்தான் தப்பா எழுதினேன்" என்றேன்.

"எதுக்கால உக்காந்து எழுதுனீங்களா?"

"ஆமாம், எதிரேதான்."

"இவரும் அப்பிடித்தான் எழுதுனாருங்க" என்றாள். "கல்யாணமாகி நாலாவது வருசம். எல்லாருக்கும் எழுதறாரே, நம்ம கண்ணையும் நேராக்கிக்கலாமுன்னு எனக்கு ஆசை. நாந்தான் நச்சரிச்சேன். எதுக்கால உக்காந்து சிரிச்சுக்கிட்டே எழுதுனாரு, நானும் சிரிச்சேன். பயந்து அழுதேன்னு மயக்கம் குடுத்துட்டாங்க. நல்ல கண்ணுல கத்தி வெச்சு, அதுவும் சீழ் புடிச்சுப் போச்சு. திரும்புன கண்ணுல சின்ன வயசுலருந்தே மங்கலாத்தானுங்க தெரியும். அதை வெச்சு ஓட்டியாச்சு. இதா, நீங்க வெள்ளைச் சீலை. இல்லீங்களா?"

"ஆமாம்" என்றேன். அவரை நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

"கண்ணு போனது போச்சுங்க. அதுக்கு நான் ஒரு நாளும் இவரை ஒண்ணும் சொன்னதில்லே" என்றாள். உடைத்த கடலையைத் தூக்கி எனக்கு நீட்டினாள். "ஒரே ஒரு கொறைதானுங்க. அன்னையிலருந்து எம்முன்னால வர்றதே இல்லே. சோறு போட்டாலும் பின்னால நின்னு போடறாரு, தலைக்கு எண்ணெய் வெச்சாலும் பின்னால. காய்ச்சல்ல கெடந்தப்ப நெத்தியில துணி போட்டதுகூடத் தலைமாட்டுல நின்னுதான். பத்தொம்பது வருசமாச்சு. எனக்குத் தெரியறதே கொஞ்சம். அதுல அவரு மூஞ்சியும் இருந்துட்டுப் போவட்டுமே. நான் சொன்னாக் கேக்கமாட்டேங்கறாரு. நீங்களாச்சும் சொல்லுங்க, அம்மிணி."

அவர் கூடையைத் தூக்கிக்கொண்டு இன்னும் கொஞ்சம் பின்னால் நகர்ந்தார்.

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்று சொன்னேன் அல்லவா? அன்றைக்கு வந்தது கோபமா அழுகையா என்று தெரியவில்லை. அந்த ஊர்ப் பேச்சு முதன்முதலாகத் தானாக என் வாயில் வந்தது.

"ஏனுங்க" என்றேன். "கூடையை வெச்சுட்டு இந்தப் பக்கம் வாங்க."

வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். கூடையை வைத்தார். சுற்றிக்கொண்டு வந்தார். அவளுக்கு எதிரே, சிதறிக் கிடந்த கடலைத்தோலின் மேலேயே மண்டி போட்டு உட்கார்ந்தார். அவள் முகத்தை ஒரு பக்கமாகச் சாய்த்து, திரும்பிக் கிடந்த கண்ணை மெல்ல மெல்ல அவர் பக்கம் கொண்டுவந்தாள். அதற்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. கடலைத்தோல் ஒட்டிய கையை நீட்டி அவர் மேலுதட்டைத் தொட்டாள்.

"மீசையெல்லாம் நரச்சுப் போயிருச்சாட்ட இருக்குதுங்களே" என்றாள்.

"நரச்சு ரொம்ப நாளாச்சு, சாமி" என்றார் அவர்.